98 நாள் மூப்பு: உதவி பெறும் கல்லூரி அலுவலகத்தில் ஒரு பணிமூப்புப் பிணக்கு

ஒருவர் இளநிலை உதவியாளராகப் பணியேற்றது 20.8.2001 பிற்பகல். இன்னொருவர் தட்டச்சராகப் பணியேற்றது 26.11.2001 முற்பகல். நடுவில் 98 நாள். அந்த 98 நாள் இருப்பதே பல வருடம் யாருக்கும் உறைக்கவில்லை. 2022இல் கண்காணிப்பாளர் நாற்காலி காலியானதும் அலுவலகம் முழுக்க அதே பேச்சு.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இது எந்தத் தனிக் கல்லூரியின் கோப்பும் அல்ல. தென்மாவட்ட உதவி பெறும் கல்லூரி என்று ஒன்றை வைத்துக்கொண்டு, இந்த வகைப் பிணக்குகள் வழக்கமாக ஓடுகிற தடத்தில் கோத்தெடுத்த நிகழ்வு. ஆட்களும் அவர்களுடைய தேதிகளும் நான் வைத்தவை. அரசாணை, விதி, உச்ச நீதிமன்றத் தீர்ப்புகள் எல்லாம் அசல். இருவருக்கும் பெயர் வைக்கவில்லை. ஒருவரைப் பதிவறைக்காரர் என்றும் இன்னொருவரைத் தட்டச்சர் அம்மா என்றும் சொல்கிறேன். அலுவலகத்தில் ஆட்களை இப்படித்தான் அடையாளம் சொல்வோம். பதவி உயர்ந்த பிறகும் பழைய பெயர் போகாது.

வெளியாட்களுக்கு ஒரு சின்ன விளக்கம். தமிழ்நாட்டில் அரசு உதவி பெறும் கலை அறிவியல் கல்லூரிகள் சுமார் 160. ஒப்பளிக்கப்பட்ட பணியிடங்களில் இருப்பவர்களுக்குச் சம்பளம் அரசு மானியத்திலிருந்து வருகிறது. ஆனால் நியமிப்பது அரசு அல்ல. 1976ஆம் ஆண்டுத் தனியார் கல்லூரிகள் ஒழுங்குமுறைச் சட்டப்படி அமைந்த கல்லூரிக் குழுதான் நியமிக்கும். அப்புறம் செயலர் கையெழுத்தோடு ஒரு கருத்துரு, அதாவது ஒப்புதல் கேட்கும் முன்மொழிவு, மண்டல இணை இயக்குநர் அலுவலகத்துக்குப் போகும். நாங்கள் ஆர்ஜேடி ஆபீஸ் என்போம். அங்கே ஒப்புதல் கிடைத்தால்தான் மானியத்தில் சம்பளம் ஏறும். ஆக, ஒவ்வொரு ஊழியருக்கும் இரண்டு தேதி: பணியேற்ற நாள் ஒன்று, ஒப்புதல் நாள் ஒன்று. ஒப்புதல் ஆணையில் ‘பணியேற்ற நாள் முதல்’ என்று மூன்று சொல் இருந்துவிட்டால் இரண்டு தேதியும் ஒன்றாகிவிடும். ‘இவ்வாணை நாள் முதல்’ என்று இருந்தால் பிரிந்தே கிடக்கும். இந்தப் பிணக்கு முழுக்க அந்த மூன்று சொல்லில்தான் இருக்கிறது.

இரண்டு பணியேற்பு

பதிவறைக்காரர் 1991இல் அலுவலக உதவியாளராக வந்தவர். 1996இல் பதிவறை எழுத்தர் ஆனார். 2001 ஜூன் 1ஆம் தேதி ஓர் இளநிலை உதவியாளர் பணியிடம் காலியானது. தகுதி இருந்ததால் கல்லூரிக் குழு அவரையே உயர்த்தித் தீர்மானம் போட்டது. ஆகஸ்ட் 20 காலையில் ஆணை கைக்கு வந்தது. அவர் உடனே போய் உட்காரவில்லை. பதிவறைச் சாவி, தேர்வுப் பதிவேடுகள், மாற்றுச் சான்றிதழ்ப் புத்தகத்தின் அடிக்கட்டைகள் எல்லாவற்றையும் எண்ணி ஒப்படைத்து, கையெழுத்து வாங்கிக்கொண்டு, மதியம்தான் பணியேற்பு அறிக்கை எழுதினார். அதனால்தான் பிற்பகல். பணிப்பதிவேட்டின் அந்தப் பக்கத்தில் தேதிக்குப் பக்கத்தில் ‘பி.ப.’ என்று சின்னதாக இருக்கும்.

மு.ப., பி.ப. என்பதெல்லாம் ஒரு விஷயமா என்று சிரிக்க வேண்டாம். ஒரே நாளில் இரண்டு ஆய்வக உதவியாளர் பணியேற்றால் முதலில் அந்த எழுத்தைத்தான் தேடுவோம். அதுவும் ஒன்றாக இருந்தால் தேர்வுக் குழு போட்ட வரிசை. அரசு ஊழியர்களுக்கான பழைய பொது விதி 35இல், வெவ்வேறு வழியில் தேர்வானவர்கள் ஒரே நாளில் பணியேற்றால் வயதைப் பார்க்கச் சொல்லியிருக்கும்.

பதிவறைக்காரருக்கான கருத்துரு செப்டம்பரில் போனது. ஒரு சான்றின் நகலில் மேலொப்பம் இல்லை என்று அக்டோபரில் திரும்பி வந்தது. கல்லூரி அதைச் சரிசெய்து மறுபடி அனுப்பியது டிசம்பரில். அதற்குள் காரியம் கெட்டுவிட்டது. 29.11.2001 அன்று பணியாளர் மற்றும் நிர்வாகச் சீர்திருத்தத் துறையின் அரசாணை 212 வந்து, பணியிடங்களை நிரப்புவதற்குத் தடை விழுந்திருந்தது. ‘தடை ஆணை நடைமுறையில் உள்ளதால் கருத்துரு திருப்பப்படுகிறது’ என்று ஒரு வரியில் பதில். பதவி உயர்வுக்கு இந்தத் தடை எப்படிப் பொருந்தும் என்று கல்லூரி கேட்டிருக்கலாம். கேட்கவில்லை. கோப்பு அலமாரிக்குப் போனது.

தட்டச்சர் அம்மா நேரடி நியமனம். வேலைவாய்ப்பு அலுவலகப் பட்டியல், நேர்காணல், தட்டச்சுத் தேர்வு எல்லாம் முடிந்து தடைக்கு மூன்று நாள் முன்பு சேர்ந்தவர். அவருடைய கருத்துருவும் அதே வரியோடு திரும்பியது. ஆனால் இருவர் நிலையும் ஒன்றல்ல. பதிவறைக்காரருக்குப் பழைய பதவியின் சம்பளமாவது வந்துகொண்டிருந்தது. இந்த அம்மாவுக்கு மானியத்தில் ஒரு பைசா கிடையாது. நிர்வாகம் கைக்காசாகக் கொடுத்த சொற்பத்தில் இரண்டே முக்கால் வருடம் ஓட்டினார். வேறு வழியில்லாமல் 2002இல் ரிட் மனு போட்டார். உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2004 ஜூலையில்தான் வந்தது. அதனால் ஒவ்வொரு வாய்தாவுக்கும் சென்னைக்கு ராத்திரி ரயில். 2004 தொடக்கத்தில் தீர்ப்பு வந்தது: தடைக்கு முன் முடிந்த நியமனம், தடையைக் காட்டி மறுக்க முடியாது. செப்டம்பரில் ஒப்புதல் வந்தது, ‘பணியேற்ற நாள் முதல்’ என்ற மூன்று சொல்லோடு. நிலுவைச் சம்பளமும் கிடைத்தது. 1.4.2003க்குப் பிறகு சேர்ந்தவர்களுக்குப் பங்களிப்பு ஓய்வூதியம் என்று ஆகிவிட்டிருந்த நேரம். ஆகவே அந்த மூன்று சொல் அவரைப் பழைய ஓய்வூதியத்துக்குள்ளும் நிறுத்திவிட்டது.

2006 பிப்ரவரியில் தடை நீங்கியது. பதிவறைக்காரரின் கோப்பு தூசி தட்டப்பட்டு 14.3.2007இல் ஒப்புதல் வந்தது. அதில் இருந்த சொற்கள்: ‘இவ்வாணை நாள் முதல்’. ஐந்தரை வருடமாக இளநிலை உதவியாளர் வேலையைப் பதிவறை எழுத்தர் சம்பளத்தில் பார்த்தவர். சம்பளம் ஏறுகிறதே என்ற நிம்மதியில், பெற்றுக்கொண்டதற்கு அடையாளமாக நகலில் கையெழுத்துப் போட்டார். ஆட்சேபனை என்று ஒரு சொல் எழுதவில்லை.

என் கணிப்பில் வழக்கு அன்றைக்கே பாதி முடிந்துவிட்டது.

2010இல் ஒரு கடிதம்

உதவியாளர் பதவிக்கு இளநிலை உதவியாளரும் தட்டச்சரும் சேர்ந்துதான் வரிசையில் நிற்பார்கள். 2010 ஜூனில் ஓர் உதவியாளர் இடம் காலியானது. அலுவலகம் ஒப்புதல் ஆணைகளைப் பார்த்தது: ஒன்றில் 26.11.2001, இன்னொன்றில் 14.3.2007. தட்டச்சர் அம்மாவுக்குப் பதவி உயர்வு. யாரும் சதி செய்யவில்லை. கையில் இருந்த காகிதம் சொன்னபடி செய்தார்கள்.

அதற்கு முன் அந்தக் கல்லூரியில் பணிமூப்புப் பட்டியல் என்று ஒன்று சுற்றுக்கு விடப்பட்டதே இல்லை. கண்காணிப்பாளரின் மேசை இழுப்பறையில் ஒரு நீள நோட்டு இருந்தது. யார் எப்போது சேர்ந்தார், யார் எப்போது ஓய்வு என்று பென்சிலில் எழுதியிருக்கும். அதை யாரும் கேட்டுப் பார்ப்பதில்லை. கேட்டால் ‘என்னப்பா, என்னை அனுப்பிவைக்க இவ்வளவு அவசரமா?’ என்பார்.

பதிவறைக்காரர் செயலருக்கு ஒரு கடிதம் கொடுத்தார். அரைப்பக்கம். தான் முன்னதாகப் பணியேற்றவர், பரிசீலிக்க வேண்டும் என்று. கடிதம் தபால் பதிவேட்டில் ஏறியது. பதில் இல்லை. அவர் நினைவூட்டவும் இல்லை. 2011 நவம்பரில் அடுத்த உதவியாளர் இடம் காலியானபோது அவருக்கும் கிடைத்தது. இருவரும் எதிரெதிர் மேசை. ‘அண்ணே, இந்த உதவித்தொகைப் பட்டியல் ஒருதடவ பாத்துருங்க’ என்பார் அந்த அம்மா. ‘கொண்டாம்மா’ என்பார் இவர். பகை ஒன்றும் கிடையாது. பதினோரு வருடம் அப்படித்தான் போனது.

கண்காணிப்பாளர் 2020 ஜூன் 30 ஓய்வுபெற வேண்டியவர். 2020 மே மாதம் ஓய்வு வயது 58இலிருந்து 59 ஆனது. 2021 பிப்ரவரியில் 60. ஆக அவர் 2022 ஜூன் 30 வரை இருந்தார். இந்த இரண்டு வருடம் பதிவறைக்காரரின் கணக்கை மாற்றிவிடவில்லை. 1964 ஜூனில் பிறந்தவர். 58 என்றே இருந்திருந்தால் கண்காணிப்பாளர் போன பிறகு இவருக்கு இரண்டு வருடம் இருந்திருக்கும். 60 ஆனபோதும் அதே இரண்டு வருடம்தான். தட்டச்சர் அம்மாவுக்கு இன்னும் பத்து வருடம் இருந்தது. ‘நான் ரெண்டு வருஷம் இருந்துட்டுப் போறேன், அப்புறம் அவங்க இருக்கட்டுமே’ என்பது பதிவறைக்காரரின் நியாயம். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. கோப்பில் அதற்கு இடம் இல்லை. கடைசிச் சம்பளத்தில் பாதிதான் ஓய்வூதியம் என்பதால் அந்த இரண்டு வருடம் சாகும்வரை மாதாமாதம் பேசும். அவருடைய அவசரம் அதுதான். அது தவறும் இல்லை.

வாதங்கள்

2022 ஜூலையில் குழு தட்டச்சர் அம்மாவைக் கண்காணிப்பாளராக்கத் தீர்மானித்தது. பதிவறைக்காரர் இந்த முறை அரைப்பக்கத்தோடு நிற்கவில்லை. பத்து ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டித் தகவல் உரிமைச் சட்டத்தில் தன் 2001 கோப்பின் நகலை வாங்கினார். அவருடைய அக்கா மகன் வக்கீல். அவர் எழுதிக்கொடுத்த ஆட்சேபனை ஒன்பது பக்கம்.

அதில் முதல் வாதம், காலியிடம் 1.6.2001இலேயே ஏற்பட்டுவிட்டதால் அந்த நாளிலிருந்து மூப்பு வேண்டும் என்பது. இதை எழுதாமலே இருந்திருக்கலாம். பணியில் சேராத ஒரு நாளிலிருந்து மூப்புக் கேட்க முடியாது என்று மேகசந்திர சிங் வழக்கில் 2019 நவம்பரில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. பலவீனமான வாதத்தை முன்னால் வைத்தால் படிக்கிற அதிகாரி பேனாவை மூடிவிடுவார்.

இரண்டாவது வாதம்தான் சரக்கு. ஒப்பளிக்கப்பட்ட பணியிடம், தகுதியுள்ள ஆள், அதிகாரமுள்ள குழுவின் தீர்மானம். விதிப்படி நியமனம் ஆன நாளிலிருந்துதான் மூப்பு. அதற்குப் பிறகு யாரோ உறுதிசெய்கிற நாளிலிருந்து அல்ல. 1990இல் மகாராஷ்டிர நேரடி நியமனப் பொறியாளர்கள் வழக்கில் ஐந்து நீதிபதி அமர்வு வகுத்த கோட்பாடு இது. விதிக்குப் புறம்பாக, தற்காலிக ஏற்பாடாகச் செய்த நியமனத்துக்கு மட்டும் அந்தக் காலம் கணக்கில் சேராது. பதிவறைக்காரருடையது தற்காலிக ஏற்பாடு அல்ல. ஒப்புதல் என்பது மானியத்துக்கான அனுமதி, நியமனம் குழுவுடையது. அந்த நகலில் மேலொப்பம் விட்டுப்போனது அவருடைய தவறும் இல்லை. இந்த வாதத்தில் எனக்குக் குறை தெரியவில்லை. 2002இலோ 2007இலோ இதைச் சொல்லியிருந்தால் ஜெயித்திருப்பார் என்றே நினைக்கிறேன்.

எதிர்வாதம் மூப்பைத் தொடவே இல்லை. ‘இவ்வளவு நாள் எங்கே போனீர்கள்’ என்று மட்டும் கேட்டது. இளையவரைத் தலைக்கு மேல் உயர்த்தினால் ஆறு மாதம், மிஞ்சினால் ஒரு வருடத்துக்குள் நீதிமன்றம் வரவேண்டும். சதாசிவசாமி வழக்கில் உச்ச நீதிமன்றம் இப்படிச் சொல்லி அரை நூற்றாண்டு ஆகிறது; அதுவும் தமிழ்நாடு அரசுக்கு எதிராக வந்த வழக்குதான். நிலைபெற்ற மூப்பைக் கலைக்க மூன்று நான்கு வருடத்துக்கு மேல் விடக்கூடாது என்று 2009இல் சிவசங்கர் மகாபாத்ரா வழக்கிலும் சொன்னார்கள். அரசு ஊழியர்களுக்கான பழைய பொது விதி 35இலும் மூப்பைத் திருத்தக் கேட்கக் கெடு மூன்று வருடம். உதவி பெறும் கல்லூரி ஊழியர் அரசு ஊழியர் அல்லர் என்பதால் அந்த விதி நேராகப் பொருந்தாது. ஆனால் அளவுகோலாக மேசைக்கு வந்துவிடும்.

‘2010இலேயே கடிதம் கொடுத்தேனே’ என்றார் பதிவறைக்காரர். இந்த இடத்தில்தான் நம் ஆட்கள் நிறையப் பேர் ஏமாறுகிறார்கள். கடிதம் கொடுத்தால் கோரிக்கை உயிரோடு இருக்கும் என்று நம்புகிறார்கள். கொடுத்துவிட்டுச் சும்மா இருந்தால் இருக்காது. பழைய கோரிக்கைக்குப் பிற்பாடு ஒரு பதில் வாங்கினாலும் செத்த கோரிக்கைக்கு உயிர் வராது என்று சி. ஜேக்கப் வழக்கில் 2008இல் தீர்ப்பு இருக்கிறது.

நிர்வாகத்தின் கையில் இன்னொரு சீட்டும் இருந்தது. தனியார் கல்லூரி விதிகளின்படி பதவி உயர்வுக்குத் தகுதியும் திறமையும்தான் அடிப்படை. அவை ஏறக்குறைய சமமாக இருக்கும்போதுதான் மூப்பைப் பார்க்க வேண்டும். கணினியில் சம்பளப் பட்டியல் போடுவதிலிருந்து தணிக்கைக்குப் பதில் எழுதுவது வரை அந்த அம்மாவின் கை ஓங்கியதுதான். ஆனால் செயலர் இந்தச் சீட்டை இறக்கவில்லை. இறக்கினால் பதிவறைக்காரர் திறமை குறைந்தவர் என்று எழுதிக்கொடுக்க வேண்டும். முப்பது வருடத்தில் ஒரு குறிப்பாணைகூட வாங்காத ஆளைப் பற்றி அப்படி எழுத அவருக்கு மனம் வரவில்லை. எனக்கு அந்தச் செயலரைப் பிடித்துப்போனது இந்த ஒரு காரியத்தால்.

மதுரையும் திரும்பவும் ஆர்ஜேடி ஆபீஸும்

கருத்துரு போன வேகத்தில் திரும்பியது: ‘பணிமூப்புப் பட்டியல் இணைக்கப்படவில்லை’. அவசர அவசரமாகப் பட்டியல் தயாரித்தார்கள். ஒப்புதல் தேதிப்படி ஒரு வரைவு, பணியேற்பு தேதிப்படி ஒரு வரைவு. இரண்டுமே செயலர் மேசையில் கிடந்தன.

பதிவறைக்காரர் மதுரைக் கிளைக்குப் போனார். முதல் மனுவில் கல்லூரியும் இணை இயக்குநரும் மட்டும்தான் எதிர்மனுதாரர்கள். ‘கூட வேலை செய்ற பிள்ளய எதுக்குக் கோர்ட்டுக்கு இழுக்கணும்’ என்று அந்த அம்மாவைச் சேர்க்க வேண்டாம் என்றிருந்தார். நல்ல மனசு, கெட்ட மனு. பாதிக்கப்படப் போகிறவரைச் சேர்க்காமல் மூப்பு வழக்கு நடத்த முடியாது. பிரபோத் வர்மா வழக்கிலிருந்து, அதாவது 1984இலிருந்து, அதுதான் நிலை. சேர்த்துத் திருத்துவதில் நாலு மாதம் போனது. அறிவிப்பு வீட்டுக்குப் போன அன்றைக்கு அந்த அம்மா மேசைக்கு வந்து, ‘சொல்லிட்டுப் போட்டிருக்கலாம்லண்ணே’ என்று மட்டும் கேட்டாராம். அதற்குப் பிறகு உதவித்தொகைப் பட்டியல் மேசை மாறி வரவில்லை.

உயர் நீதிமன்றம் நியாயத்துக்குள் போகவில்லை. இரு தரப்பையும் கேட்டுப் பன்னிரண்டு வாரத்தில் முடிவெடுக்கும்படி இணை இயக்குநருக்கு உத்தரவிட்டது. இந்த வகை மனுக்களுக்கு வழக்கமாகக் கிடைக்கிற உத்தரவுதான்.

விசாரணை ஒரு மதியம் நடந்தது. பதிவறைக்காரர் பையிலிருந்து 2001ஆம் வருட ஒப்படைப்புப் பட்டியலையும் எடுத்து வைத்தார்: சாவி 4, பதிவேடு 212, அடிக்கட்டை 37. எதற்கு இது என்று அதிகாரி கேட்டதற்கு, ‘அன்னைக்குத்தான் சேர்ந்தேன்ங்கிறதுக்கு, ஐயா’ என்றார். தட்டச்சர் அம்மா கொண்டுவந்தது 2004 தீர்ப்பின் நகலும் 2010 பதவி உயர்வு ஆணையும். ‘நான் யாரையும் முந்திப் போகலைங்க. வந்த ஆணைய வாங்கிக்கிட்டேன்’ என்றார். இரண்டு பேரும் சொன்னது உண்மை.

2023 செப்டம்பரில் செயல்முறைகள், அதாவது இணை இயக்குநரின் ஆணை, வந்தது. இளநிலை உதவியாளர், தட்டச்சர் நிலையில் பதிவறைக்காரரின் மூப்பு பணியேற்ற 20.8.2001 முதல் கணக்கிடப்பட வேண்டும். அந்த நிலையில் அவரே மூத்தவர். ஆனால் 2010ஆம் ஆண்டு உதவியாளர் பதவி உயர்வு உரிய காலத்தில் எதிர்க்கப்படாததால் அதைக் கலைப்பதற்கில்லை. கண்காணிப்பாளர் பதவிக்கு உதவியாளர் நிலையின் மூப்புதான் கணக்கு. அதில் தட்டச்சர் அம்மா மூத்தவர். கருத்துரு ஏற்கப்படுகிறது.

இதை இரண்டுங்கெட்டான் முடிவு என்று திட்டியவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. எந்தப் படியில் யார் மூத்தவர் என்பதைத் தனித்தனியாகப் பார்த்திருக்கிறார்கள். மூப்புக் கணக்கு அப்படித்தான் போக வேண்டும். எனக்குக் குறையாகப் படுவது வேறு. 2007 ஆணையில் ‘இவ்வாணை நாள் முதல்’ என்று எழுதிய மேசை, அப்படி எழுதியதற்கு ஒரு காரணமும் சொல்லவில்லை. 2023 செயல்முறைகளும் அதைப் பற்றி ஒரு சொல் பேசவில்லை. ஐந்தரை வருடச் சம்பள வித்தியாசம் யார் கணக்கில் போனது என்பது கேட்கப்படாமலே நின்றுவிட்டது. பதிவறைக்காரரும் மேல்முறையீட்டுக்குப் போகவில்லை. ஒன்பது மாதம் பணி பாக்கி இருந்தது. ஓய்வூதியக் கருத்துரு தயாராகிற நேரத்தில் வழக்கு நிலுவையில் இருக்க வேண்டாம் என்று வீட்டில் சொன்னார்கள்.

தட்டச்சர் அம்மா கண்காணிப்பாளர் ஆனதும், 2024 ஜனவரியில் ஒரு சுற்றறிக்கை போட்டார். எல்லா நிலைக்கும் பணிமூப்புப் பட்டியல், 1.1.2024 நிலவரப்படி, ஆட்சேபனைக்குப் பதினைந்து நாள். பெயர், பிறந்த தேதி, பணியேற்ற நாள், ஒப்புதல் ஆணை, கடைசியில் கையெழுத்துக்கு ஒரு கட்டம். அலுவலக உதவியாளர் அதை ஒவ்வொரு மேசையாகக் கொண்டுபோனார். இளநிலை உதவியாளர், தட்டச்சர் நிலையின் பழைய வரிசையும் இணைப்பாகப் போட்டிருந்தது. அதில் வரிசை எண் 1 பதிவறைக்காரர், 2 அந்த அம்மா.

பதிவறைக்காரர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு வாசித்தார். பணியேற்ற நாள் கட்டத்தில் ‘20.8.2001 மு.ப.’ என்று அச்சாகியிருந்தது. பேனாவை எடுத்து ‘மு’வை அடித்து, மேலே ‘பி’ என்று எழுதி, ஓரத்தில் சுருக்கொப்பம் வைத்தார். அப்புறம் கடைசிக் கட்டத்தில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார்.